அதிகாரம் இல்லை என்று எழுதியவள் நான்தான்

மேட்டுப்பட்டி, திண்டுக்கல்
ஞாயிறு மதியம்

அன்பு மகன் ரொனால்டுக்கு அம்மா எழுதுவது. இங்கே நானும் அப்பாவும் ஆண்டவர் தயவில் நடமாட்டத்தோடு இருக்கிறோம். அங்கே நீயும் அனிஷாவும் குட்டி ஷெரினும் சளி காய்ச்சல் இல்லாமல் சுகமாக இருக்க வேண்டும் என்று, ஜெபமாலை முடிக்கும்போதெல்லாம் உங்கள் மூவர் பெயரையும் சொல்லித்தான் சிலுவை போடுகிறேன். தினமும் போனில் முகம் பார்த்துப் பேசுகிறவள் எதற்கு இத்தனை தாள் எழுதித் தபாலில் போடுகிறாள் என்று நீ யோசிப்பாய். உன் முகத்தைப் பார்த்தால் எனக்குச் சொல்ல வரவில்லை, அதுதான் காரணம். பத்து நாளாக முயன்று பார்த்துவிட்டேன். நீ "என்னம்மா, சாப்டீங்களா" என்று கேட்டதும் நான் என்ன வெஞ்சனம் வைத்தேன் என்று பேச ஆரம்பித்துவிடுகிறேன்.

முதலில் வீட்டுச் சேதியைச் சொல்லிவிடுகிறேன். அப்பாவுக்கு முட்டி வலி கூடிவிட்டது, ஆனாலும் சைக்கிளை விடமாட்டேன் என்கிறார், மார்க்கெட்டுக்குப் போய்த் தக்காளியைப் பொறுக்கி எடுத்து வருவதில் அவருக்கு ஒரு சந்தோஷம். போன வாரம் அடித்த காற்றில் முருங்கை முறிந்து கேட்டின் மேலே விழுந்துவிட்டது, கேட் கோணிக்கொண்டது, வெல்டிங்காரர் இன்று நாளை என்று இழுத்தடிக்கிறார். குடிதண்ணீர் பரவாயில்லை, வாரத்துக்கு இரண்டு முறை வருகிறது. அனிஷாவுக்கு நைட் டியூட்டி என்றால் காலையில் அவளைத் தூங்க விடு, அடுப்பு வேலையை நீ பார்த்துக்கொள். அயர்லாந்தில் எப்போதும் மழை என்கிறாய், ஷெரினுக்கு ஈர சாக்ஸோடு விளையாட இடம் கொடுக்காதே.

இனி விஷயத்துக்கு வருகிறேன். ஜூன் மாதம் பேப்பரில் வந்த அந்தச் செய்தியை உன் பள்ளித் தோழர்கள் குரூப்பில் யாரோ போட, நீ அதை எனக்கு அனுப்பி, "அம்மா, உங்கள நெனச்சா பெருமையா இருக்கு" என்று எழுதினாய். மாணவியைத் தாக்கிய வழக்கு, ஆணையத்தின் முன் உண்மையைச் சொன்ன பள்ளிப் பெண் ஊழியர் என்று நாலு வரி. அதில் என் பெயர் இல்லை, ஆனால் ஊரில் எல்லோருக்கும் தெரியும். அன்று ராத்திரி நீ போன் செய்து, இதை ஆபீசில் எல்லோரிடமும் சொன்னதாகவும், அனிஷா கேட்டு அழுதுவிட்டதாகவும் சொன்னாய். நான் என்ன செய்தேன் தெரியுமா. "அதெல்லாம் ஒண்ணும் இல்லப்பா, மனசாட்சிக்கு விரோதமா இருக்கக் கூடாதுல்ல" என்றேன். அந்த வார்த்தையைச் சொன்ன வாயை நினைத்தால் இன்றைக்கும் எனக்குக் கூசுகிறது. தம்பி, அந்தச் செய்தி பொய் இல்லை. ஆனால் அது கதையின் வால் மட்டும். தலையும் உடம்பும் என்னிடம் இருக்கின்றன, அவற்றை நீ படிக்க வேண்டும்.

கல்வி அலுவலகத்தில் முப்பத்தோரு வருஷம் இருந்து கண்காணிப்பாளராக ஓய்வு பெற்றதும், ஊருக்கு வெளியே இருக்கிற அந்தத் தனியார் பள்ளியில் என்னைக் கூப்பிட்டு வைத்துக்கொண்டது உனக்குத் தெரியும். அரசாங்கத்தில் இருந்து வரும் கடிதங்களுக்குப் பதில் எழுதுவதுதான் எனக்கு வேலை. "அமலராணி மேடம் டிராஃப்ட் போட்டா மேல போனது திரும்பி வராது" என்று தாளாளர் ஆட்கள் முன்னால் சொல்லுவார். எனக்கு அது கேட்கக் கேட்க இனிக்கும். போன நவம்பரில் பன்னிரண்டாம் வகுப்புக்குச் சாயங்காலம் சிறப்பு வகுப்பு நடந்துகொண்டிருந்தபோது, துணை முதல்வர் ஆண்டிச்சாமி உள்ளே போயிருக்கிறார். பின் பெஞ்சில் யாரோ சிரித்திருக்கிறார்கள். யார் என்று கேட்டதற்கு ஒருவரும் எழுந்திருக்கவில்லை. கௌசல்யா என்ற பெண் குனிந்து பேனாவை எடுத்துக்கொண்டிருந்தாளாம், சிரிப்பை மறைக்கத்தான் குனிகிறாள் என்று நினைத்து, நிமிர்ந்தவளை இடது பக்கம் ஓங்கி அறைந்துவிட்டார். காதில் இருந்து ரத்தம் வந்திருக்கிறது. செம்பட்டிப் பக்கம் பூ விவசாயம் செய்கிற சண்முகவள்ளி என்ற அம்மாவின் ஒரே மகள். தகப்பன் இல்லை. விடியுமுன் தாயோடு பூப்பறித்துவிட்டு, குளித்து பஸ் ஏறி வரும் பிள்ளை. அடுத்த வாரம் மதுரையில் காட்டியபோது, செவிப்பறை கிழிந்திருக்கிறது, கேட்கும் திறன் பாதிக்கு மேல் போய்விட்டது என்று எழுதிக் கொடுத்தார்கள்.

பள்ளியில் முதலுதவி அறையைப் பார்த்துக்கொள்பவள் சகாயசெல்வி, நம் பங்குக் கோயிலைச் சேர்ந்தவள்தான், நம் தெரு அன்பிய ஜெபக் கூட்டத்தில் உனக்குக் கொழுக்கட்டை தந்தாளே, அவள். பதிவேட்டில் அவள் பேனாவால் தெளிவாக எழுதியிருந்தாள்: பன்னிரண்டாம் வகுப்பு கௌசல்யா, துணை முதல்வர் அறைந்ததில் இடது காதில் ரத்தம், பஞ்சு வைத்து வீட்டுக்கு அனுப்பப்பட்டது. தேதி, நேரம், கையெழுத்து, எல்லாம் இருந்தது. மறுநாள் தாளாளர் என்னைக் கூப்பிட்டு அந்தப் பக்கத்தைக் காட்டி, "மேடம், இத என்ன செய்யலாம்" என்றார். கிழிக்கலாமா என்பதுதான் கேள்வி. நான், "கிழிக்க வேண்டாம் சார், கிழிச்சா பக்க எண் காட்டிக் கொடுத்துரும், பதிவேடே வைக்கிறதில்லன்னு சொல்லிரலாம்" என்றேன். இந்த யோசனை என்னுடையது தம்பி. யாரும் என்னைக் கட்டாயப்படுத்தவில்லை. அன்று சாயங்காலம் அந்தப் பதிவேட்டைத் துணிப்பையில் போட்டு வீட்டுக்குக் கொண்டுவந்து, பீரோவில் என் பட்டுச் சேலைகளுக்கு அடியில் வைத்தேன். போகிற வழியில் சகாயசெல்வியை நிறுத்தி, "நீ ஒண்ணும் எழுதலைன்னு சொல்லிரு, உனக்கு வேல வேணும்ல" என்றும் சொன்னேன். அவள் தலையை ஆட்டினாள். ஏழு மாதம் அப்பா அந்த பீரோவைத் திறந்து வேட்டி எடுத்திருக்கிறார். அவருக்கு எதுவும் தெரியாது.

சண்முகவள்ளி முதலில் பள்ளிக்குத்தான் வந்தாள். தாளாளர் பார்க்கவில்லை. பிறகு காந்திகிராமத்தில் சமூகப்பணி படிக்கிற நஸீரா என்ற பெண், அவர்கள் ஊருக்குக் களப்பணிக்கு வந்தவள், மாநிலக் குழந்தைகள் உரிமைப் பாதுகாப்பு ஆணையத்துக்கு மனு எழுதிக் கொடுத்திருக்கிறாள். ஒரு நகலை டெல்லியில் இருக்கிற தேசிய ஆணையத்துக்கும் அனுப்பியிருக்கிறாள். டிசம்பர் கடைசியில் எங்களுக்கு நோட்டீஸ் வந்தது, பதினைந்து நாளில் அறிக்கையும் ஆவணங்களும் தர வேண்டும் என்று. நான் முதலில் என்ன பார்த்தேன் என்று நினைக்கிறாய். அந்தப் பெண்ணின் பிறந்த தேதியைப் பார்த்தேன். சேர்க்கைப் பதிவேட்டில் ஜனவரி ஒன்பது. இன்னும் பத்து நாளில் பதினெட்டு முடிகிறது. தாளாளரிடம் போய், "சார், ரெண்டு தடவ அவகாசம் கேப்போம், அதுக்குள்ள அது கொழந்தையே இல்லன்னு ஆயிரும்" என்றேன். அவர் சிரித்துவிட்டார். நானும் சிரித்தேன். தேர்வுப் பணி, ஆண்டு ஆய்வு என்று காரணம் எழுதி இரண்டு முறை அவகாசம் வாங்கி, பிப்ரவரியில்தான் பதில் போட்டேன்.

அந்தப் பதிலின் நகலை இதனுடன் வைத்திருக்கிறேன். நாலு பக்கம். கையெழுத்து தாளாளருடையது, எழுத்து முழுக்க என்னுடையது. அதில் ஆணையத்தின் அதிகார வரம்பைப் பற்றி மூன்று ஆட்சேபணைகள் எழுதியிருக்கிறேன். மனுவில் சொல்லப்படுபவர் பதினெட்டு வயது முடிந்தவர், குழந்தை அல்ல, ஆகவே இந்த ஆணையம் விசாரிக்க அதிகாரம் இல்லை என்பது ஒன்று. அடிக்கக் கூடாது என்று சொல்கிற கல்வி உரிமைச் சட்டம் பதினான்கு வயது வரைக்கும்தான், பன்னிரண்டாம் வகுப்பும் எங்களைப் போன்ற சுயநிதிப் பள்ளியும் அதற்குள் வராது என்பது இன்னொன்று. டெல்லி ஆணையத்திலும் மனு இருப்பதால் ஒரே விஷயத்தை இரண்டு இடத்தில் விசாரிக்க முடியாது என்பது கடைசி. இவை போக, முதலுதவிப் பதிவேடு எதுவும் பராமரிக்கப்படவில்லை என்றும், மாணவிக்குக் கேட்கும் திறனில் குறை இருப்பதாக நிர்வாகத்துக்குத் தெரியவில்லை என்றும் எழுதினேன். எழுதி முடித்ததும் ஒரு திருப்தி இருந்தது தம்பி, அதையும் மறைக்க மாட்டேன். ஒரு எழுத்துப் பிழை இல்லை. அந்தப் பெண் வலியில் துடித்தாளா என்று நாலு பக்கத்தில் ஒரு இடத்திலும் நான் நினைக்கவில்லை.

இந்த இடத்தில் உன்னைப் பற்றி ஒன்று சொல்ல வேண்டும். நீ எட்டாவது படிக்கும்போது ஒரு வாத்தியார் உன் ஆடுசதையில் பிரம்பால் அடித்து மூன்று கோடு விழுந்தது ஞாபகம் இருக்கும். அன்று நான் ஆபீசுக்கு லீவு போட்டுவிட்டு உன்னை இழுத்துக்கொண்டு பள்ளிக்குப் போய், தலைமையாசிரியர் மேஜை மேல் உன் காலைத் தூக்கி வைத்து, "பாருங்க, இது மனுசன் அடிச்ச அடியா" என்று கத்தினேன். அந்த வாத்தியாருக்கு மெமோ கொடுக்க வைத்துவிட்டுத்தான் ஓய்ந்தேன். அன்று எந்தச் சட்டத்தில் எத்தனை வயது வரைக்கும் என்று நான் புத்தகத்தைத் திறக்கவில்லை. என் பிள்ளை என்றால் வரம்பு இல்லை, சண்முகவள்ளி பிள்ளை என்றால் மூன்று ஆட்சேபணை. இதற்கு நான் உன்னிடம் என்ன சமாதானம் சொல்ல முடியும்.

ஜூன் மாதம் ஆணையத்தின் உறுப்பினர் ஒருவர் முகாம் அமர்வுக்காகத் திண்டுக்கல் கலெக்டர் ஆபீசுக்கு வந்தார். வயதானவர், சத்தம் போடாமல் பேசுகிறவர். தாளாளர், ஆண்டிச்சாமி, நான், மூவரும் போனோம். ஆட்சேபணைகளை என்னையே படிக்கச் சொன்னார் தாளாளர், சட்டம் எனக்குத்தான் வாயில் நிற்கும் என்று. நான் எழுந்து நின்று படித்தேன். எதிரே தாயும் மகளும் உட்கார்ந்திருந்தார்கள். சண்முகவள்ளி என் வாயையே பார்த்துக்கொண்டிருந்தாள். நான் முடித்ததும் உறுப்பினர், "நவம்பர் மாசம் அடி விழுந்தப்ப இந்தப் பொண்ணுக்கு என்ன வயசும்மா" என்றார். பதினேழு என்றேன். "அப்ப அது கொழந்த. நடந்த அன்னைக்கு இருந்த வயசுதான் கணக்கு. நீங்க லேட்டாப் பதில் போட்டா கொழந்தையோட உரிம காணாமப் போயிருமா" என்றார். கல்வி உரிமைச் சட்டத்தைக் கண்காணிப்பது ஆணையத்தின் வேலைகளில் ஒன்று மட்டும்தான் என்றார். ஆணையத்துக்கென்று தனிச் சட்டம் இருக்கிறதாம், அதன்படி பதினெட்டு வயதுக்கு உட்பட்ட எந்தப் பிள்ளைக்கு எந்தப் பள்ளியில் கொடுமை நடந்தாலும் விசாரிக்கலாமாம். டெல்லி ஆணையமே மனுவை மாநிலத்துக்கு அனுப்பிவிட்ட கடிதம் கோப்பில் இருந்தது, அதை எடுத்துக் காட்டினார். ஒரு அஞ்சு நிமிஷத்தில் என் நாலு பக்கமும் முடிந்துவிட்டது. அப்புறம் அவர் கண்ணாடியைக் கழற்றி வைத்துவிட்டு, "தண்டன கொடுக்குற அதிகாரம் எங்களுக்கு இல்ல, அரசாங்கத்துக்குப் பரிந்துரதான் செய்ய முடியும். ஆனா ஆள வரவழைக்கவும் ஆவணத்தக் கேக்கவும் சிவில் கோர்ட்டுக்கு உள்ள அதிகாரம் இருக்கு. இங்க சொல்றது கோர்ட்டுல சொல்ற மாதிரி. முதலுதவி ரூமுல பதிவேடு இருக்கா இல்லையா" என்றார். நான், "இல்லைங்கய்யா" என்றேன். சாப்பாட்டுக்குக் கலைத்தார்கள்.

வெளியே தாழ்வாரத்தில் கூட்டமாக இருந்தது. கௌசல்யா ஜன்னல் ஓரம் நின்றிருந்தாள். உள்ளே இருந்து டபேதார் அவள் பெயரைக் கூப்பிட்டார், ஏதோ கையெழுத்துப் போட வேண்டும் என்று. அவள் திரும்பவில்லை. நான் அவளுக்கு இடது பக்கம் இரண்டடி தள்ளி நின்றேன். "பாப்பா, உன்னத்தான் கூப்பிடுறாங்க" என்றேன். ஜன்னலுக்கு வெளியே பார்த்துக்கொண்டே நின்றாள். என்ன திமிர் என்றுதான் முதலில் எனக்குத் தோன்றியது, அதையும் எழுதிவிடுகிறேன். கொஞ்சம் சத்தமாக இன்னொரு முறை சொன்னேன். அப்போது சண்முகவள்ளி தண்ணீர் பாட்டிலோடு வந்து மகளின் தோளைத் தொட்டாள். அந்தப் பெண் முழு உடம்பையும் திருப்பி, வலது காதை அம்மாவின் வாய்க்கு நேரே கொண்டுவந்து, "என்னம்மா" என்றாள். அப்புறம் நான் பேசியிருக்கிறேன் என்று தெரிந்து, "சாரி மிஸ், கேக்கல" என்றாள். என்னிடம் மன்னிப்புக் கேட்டாள் ரொனால்டு. நான் யார் என்று தெரிந்தே கேட்டாள். கேட்கும் திறனில் குறை இருப்பதாகத் தெரியவில்லை என்று எழுதிய என்னிடம்.

நான் யாரிடமும் சொல்லாமல் படியிறங்கி ஆட்டோ பிடித்து வீட்டுக்கு வந்தேன். அப்பா சாப்பிட்டுக்கொண்டிருந்தார். பீரோவைத் திறந்து சேலைகளை எல்லாம் கட்டில் மேல் எடுத்துப் போட்டுவிட்டு அந்தப் பதிவேட்டை எடுத்தேன். சாப்பிட்ட கையோடு அவர் வந்து நின்று, "என்னது அது" என்றார். சொன்னேன். நின்ற நிலையிலேயே முழுக்கச் சொன்னேன். "இம்புட்டு நாளா அது நம்ம வீட்லயா இருந்துச்சு" என்றார். கையைக் கழுவிவிட்டு வந்து, "ஆட்டோ நிக்கிதுல்ல, போ" என்றார். மூன்று மணிக்கு அமர்வு தொடங்கியதும் நான் எழுந்து, பதிவேடு இருக்கிறது என்று சொல்லி மேஜை மேல் வைத்தேன். தாளாளர் என் சேலைத் தலைப்பைப் பிடித்து இழுக்காத குறை. உறுப்பினர் அந்தப் பக்கத்தைப் படித்துவிட்டு, "காலையில நீங்க சொன்னது பொய்யாம்மா" என்று கேட்டார். "ஆமாங்கய்யா" என்றேன். "பதில எழுதுனது யாரு" என்றார். "நான்தாங்கய்யா" என்றேன். எழுதிக் கையெழுத்து வாங்கிக்கொண்டார்கள். என் கையெழுத்து எப்போதும் ஒரே மாதிரி இருக்கும் என்று ஆபீசில் சொல்லுவார்கள், அன்று அது என் கையெழுத்து மாதிரியே இல்லை.

ஆனால் நீ நினைத்துக்கொண்டிருக்கிற மாதிரி அது தைரியம் மட்டும் இல்லை. அந்தப் பிள்ளை கேட்ட மன்னிப்பு என்னைச் சுட்டது, அது உண்மை. பொய் சொன்னது வெளியே வந்தால் வழக்கு வரும், பென்ஷனுக்கு வினை வரும் என்ற பயமும் ஆட்டோவில் கூடவே வந்தது, அதுவும் உண்மை. இரண்டில் எது என்னைத் தூக்கி நிறுத்தியது என்று இன்றைக்கு வரைக்கும் எனக்குத் தெரியவில்லை. பேப்பர் நிருபர் அமர்வு முடியும் நேரத்துக்குத்தான் வந்தார், அவர் காதில் விழுந்தது பாதி. அதன் பிறகு நடந்ததுதான் எனக்குப் பெரிய தண்டனை. உண்மையைச் சொன்ன கையோடு பள்ளி வேலையையும் விட்டுவிட்டு வந்ததற்கு ஊரில் எல்லோரும் கையெடுத்துக் கும்பிடாத குறை. பூசை முடிந்து வெளியே வந்தால், "அமலராணி அக்காவ மாதிரி ஒரு ஆள் இருந்தாப் போதும்" என்கிறார்கள். சகாயசெல்வி மட்டும் என்னைக் கடந்து போகும்போது நிமிர்ந்து பார்ப்பதில்லை. அவளிடம் போய், உன்னை மிரட்டியது தப்பு என்று சொன்னேன். "நானும் தலையாட்டுனேன்ல அக்கா, எனக்குந்தான் பாவம்" என்று அழுதாள். அவள் பாவத்தையும் நான்தான் செய்ய வைத்தேன். ஞாயிறு பூசையில் வாசகம் வாசிக்கப் போவதை நிறுத்திவிட்டேன், தொண்டை சரியில்லை என்று சாமியாரிடம் சொல்லியிருக்கிறேன். அது இன்னொரு பொய், அதையும் அடுத்த வாரம் போய்ச் சொல்ல வேண்டும்.

ஆகஸ்டில் ஆணையத்தின் உத்தரவு வந்தது. ஆண்டிச்சாமி மேல் போலீஸில் வழக்குப் பதிவு செய்யவும், பிள்ளையின் சிகிச்சையைப் பள்ளி நிர்வாகம் ஏற்கவும், பள்ளி மேல் கல்வித் துறை நடவடிக்கை எடுக்கவும் பரிந்துரை செய்திருக்கிறார்கள். வெறும் பரிந்துரைதானே, பல் இல்லாத ஆணையம் என்று தாளாளர் சொல்லித் திரிந்தார், ஆனால் வழக்குப் பதிவாகிவிட்டது, ஆண்டிச்சாமியை வேலையில் இருந்து நிறுத்திவிட்டார்கள். கல்வித் துறை விளக்கம் கேட்டு ஒரு கடிதம் போட்டிருக்கிறது, அதற்கு மேல் இன்னும் ஒன்றும் நகரவில்லை. நான் இருந்த அதே அலுவலகம், கோப்பு அங்கே எந்த மேஜையில் தூங்கும் என்று எனக்குத் தெரியும். உத்தரவின் ஏழாம் பக்கத்தில் என்னைப் பற்றி ஒரு பத்தி இருக்கிறது. சட்டத்தை நன்கு அறிந்த ஓர் ஊழியர் அந்த அறிவைக் குழந்தையின் வயது கடந்து போகும்வரை காலம் தாழ்த்தப் பயன்படுத்தியது வருந்தத்தக்கது, பின்னர் தாமாக முன்வந்து உண்மையைச் சொன்னதால் மேல் நடவடிக்கை பரிந்துரைக்கப்படவில்லை என்று. பெயர் போட்டே எழுதியிருக்கிறார்கள். அந்தப் பக்கத்தின் நகலும் இதில் இருக்கிறது. பேப்பர் செய்தியை விட அது நீளம் குறைவுதான், முழுக்கப் படி.

போன செவ்வாய்க்கிழமை காலையில் பூ மார்க்கெட்டுக்குப் போனேன். சண்முகவள்ளி செவ்வந்தி மூட்டையை இறக்கிப் போட்டு எடைக்காக நின்றிருந்தாள். ஈரச் சாக்கு வாடையும் ஆள் நெரிசலுமாக அங்கே நிற்க முடியவில்லை, ஓரமாகப் போய் நின்று காத்திருந்தேன். எடை முடிந்ததும் அவளே வந்தாள். என்ன பேச வேண்டும் என்று நான் வீட்டில் இருந்தே மனப்பாடம் செய்துகொண்டு போயிருந்தேன், ஒன்றும் வரவில்லை. தப்புப் பண்ணிட்டேன்மா என்று மட்டும் சொன்னேன். அவள் சேலைத் தலைப்பால் முகத்தைத் துடைத்துக்கொண்டு, "நீங்க அன்னைக்கு எந்திரிச்சு நின்னு படிச்சீங்கள்ல, அதுல பாதி எனக்கு வெளங்கலம்மா. எம்புள்ள கொழந்த இல்லன்னு சொன்னீங்க பாருங்க, அது மட்டும் நல்லா வெளங்குச்சு. அன்னைக்கு ராத்திரி அவ என் மடியில படுத்துத்தான் ஒறங்குனா" என்றாள். கோபமாகச் சொல்லவில்லை. பாப்பா எப்படி இருக்கிறாள் என்று கேட்டேன். கல்லூரியில் சேர்ந்துவிட்டாளாம், கணிதம். வகுப்பில் இடது கோடி பெஞ்சில்தான் உட்காருகிறாளாம், அப்போதுதான் வாத்தியார் பேசுவது நல்ல காதுப் பக்கம் விழுமாம். ஆபரேஷன் செய்தால் கொஞ்சம் திரும்பும் என்று டாக்டர் சொல்லியிருக்கிறார், தை மாதம் பூ முடிந்த பிறகு போவார்களாம். அதற்குள் யாரோ கூப்பிட, "வாரேன்" என்று சொல்லிவிட்டுப் போய்விட்டாள். மன்னித்தேன் என்றும் சொல்லவில்லை, மன்னிக்க மாட்டேன் என்றும் சொல்லவில்லை. அதைக் கேட்டு வாங்கும் உரிமை எனக்கு இல்லை என்று நினைத்துக்கொண்டே பஸ் ஏறினேன்.

இப்போது நஸீராவுக்கு வாரம் ஒருநாள் போய் மனுக்கள் எழுதுவதில் உதவலாமா என்று கேட்டிருக்கிறேன். அவள் யோசித்துச் சொல்கிறேன் என்றாள். யோசிக்கத்தான் வேண்டும், அவளைக் குறை சொல்ல மாட்டேன். கல்வி அலுவலகத்தில் அந்தக் கோப்பு நகர்ந்ததா என்று திங்கள்தோறும் போய்க் கேட்டு வருகிறேன். என்னிடம் வேலை பழகிய பிள்ளைகள்தான் இப்போது அங்கே மேஜையில் இருக்கிறார்கள், "மேடம், உக்காருங்க" என்று நாற்காலி போடுகிறார்கள். உட்காராமல் நின்றுகொண்டே கேட்கிறேன்.

ரொனால்டு, இதை அனிஷாவிடம் மறைக்காதே, அவளும் படிக்கட்டும். அவள் அழுதது இல்லாத ஒருத்திக்காக. ஷெரின் வளர்ந்த பிறகு சொல்வதா வேண்டாமா என்பது உங்கள் இருவர் முடிவு. அவள் பள்ளியில் இருந்து வந்து ஏதாவது சொன்னால், நீ என்ன செஞ்ச என்று முதலில் கேட்காதே, உட்கார வைத்து முழுக்கக் கேள். உன் அப்பா என்னோடு முன்னைப்போலத்தான் பேசுகிறார், சாப்பாடு போட்டால் சாப்பிடுகிறார், ஆனால் பீரோவில் இருந்த தன் வேட்டிகளை எடுத்து வெளியே கொடியில் மடித்துப் போட்டுக்கொண்டார்.

ஆண்டவர் உங்கள் மூன்று பேரையும் தீங்கில்லாமல் காப்பாராக. நேரத்துக்குச் சாப்பிடு, வண்டி ஓட்டும்போது போன் பேசாதே. கடிதம் வந்து சேர இரண்டு வாரம் ஆகும் என்று தபால் ஆபீசில் சொல்கிறார்கள். கிடைத்த பிறகு நீ போன் செய்தால் அப்பா நம்பருக்கே செய். நான் பக்கத்தில்தான் இருப்பேன். அம்மாகிட்ட குடுங்க என்று நீ சொல்வதும் சொல்லாததும் உன் இஷ்டம், எதுவானாலும் நான் ஏற்றுக்கொள்வேன்.

இப்படிக்கு,
உன்னைப் பெற்றவள்,
அமலராணி செபஸ்தியான்